இளம் முட்டியின் வலிக்கு மருந்து தொடையில் இருக்கிறது

கல்லூரியில் வாலிபால் ஆடும் என் அக்கா மகளுக்குப் படி இறங்கினாலே முட்டியின் முன்பக்கம் வலி. "இந்த வயசிலேயே மூட்டுத் தேய்மானமா?" என்று வீடே பயந்துபோனது. மருத்துவர் சொன்ன பெயர் கான்ட்ரோமலேசியா பட்டெல்லா. முட்டிச் சில்லின் உட்புறக் குருத்தெலும்பு மென்மையாகிப் போவது.

சில்லு, தொடை எலும்பின் பள்ளத்தில் வழுக்கி ஓட வேண்டியது. முன்தொடை, இடுப்புத் தசைகள் பலவீனமானால் அது ஒரு பக்கமாக விலகி உரசும். ஓயாத குதித்தல், பழைய அடி, தட்டைப் பாதம் இவையும் காரணமாகலாம். படியில் சில்லின் மேல் விழும் சுமை உடல் எடையைப் போல் சுமார் 3 மடங்கு. ஆழமாகக் குந்தினால் இன்னும் அதிகம். குருத்தெலும்புக்கு ரத்தக் குழாய் இல்லாததால், அது தன்னைத்தானே சீர்செய்துகொள்வது கடினம்.

ஆனாலும் பெரும்பாலோருக்கு அறுவை சிகிச்சை தேவைப்படுவதில்லை. குதிப்பதையும் குந்துவதையும் கொஞ்ச காலம் குறைத்து, பிசியோதெரபிஸ்ட் சொல்லித்தரும் தொடை, இடுப்புப் பயிற்சிகளை விடாமல் செய்ய வேண்டும். பலன் தெரியச் சில வாரங்கள், சிலருக்கு மாதங்கள்கூட ஆகும்.

முட்டி வீங்கினாலோ பூட்டிக்கொண்டாலோ மருத்துவரைப் பார்ப்பதைத் தள்ளிப்போடாதீர்கள். பெண் பிள்ளைகளுக்கு இந்தப் பாதிப்பு அதிகம் வருகிறது. "வளர்ற வயசு, தானா சரியாயிடும்" என்று அவர்கள் வலியை ஒதுக்காதீர்கள். ஆட்டத்தை விடச் சொல்லாமல், தசையைப் பலப்படுத்த உதவுங்கள்.