தறிக்குப் பக்கத்தில் இன்னொரு ஆள்

வைகாசியில் காஞ்சிபுரம் வரதராஜப் பெருமாள் கருட சேவைக்குக் கூடும் கூட்டம் உலகத்துக்கே தெரியும். நானோ அதே ஊரின் பிள்ளையார்பாளையத்தில் விடியுமுன் கூடும் ஏழெட்டுப் பேரைப் பற்றித்தான் எழுத வந்தேன். பாவை, அதாவது தறியில் நீளவாக்கில் ஓடும் இழைகளை, இழுத்துக் கட்டி, அரிசிக் கஞ்சி தோய்த்து, ஒட்டிய இழைகளைப் பிரித்து, அறுந்ததைச் சேர்த்து, வெயில் ஏறுவதற்குள் சுருட்டியாக வேண்டும். ஒரு குடும்பத்தால் ஆகிற வேலையில்லை. எங்கள் தெருவில் இதற்குக் கூலி பேசியதும் இல்லை. இன்றைக்கு என் பாவு, நாளைக்கு எதிர்வீட்டுப் பாவு.

தறிக்கு வந்த பிறகு புணைக்கும் வேலை. பழைய பாவின் நுனியோடு புதுப் பாவை இழை இழையாகச் சேர்க்க வேண்டும், ஆயிரக்கணக்கில். விரலில் சாம்பல் தொட்டு உருட்டினால் பிடித்துக்கொள்ளும். பெரும்பாலும் பெண்கள்தான் செய்வார்கள். புணைத்தது யார் என்று இதுவரை எந்தக் கடைக்காரரும் என்னிடம் கேட்டதில்லை.

கோர்வைப் புடவைக்கு நெய்யும்போதும் இரண்டு பேர் வேண்டும். உடல் ஒரு நிறம், கரை வேறு நிறம். அதனால் ஊடையை, அதாவது குறுக்கு இழையை, எறிய மூன்று நாடா. ஒரு பக்கக் கரையை நானே பார்த்துக்கொள்வேன், மறுபக்க நாடாவை எறிய ஓர் ஆள் உட்கார வேண்டும். கரை ஊடையும் உடல் ஊடையும் சந்திக்கிற இடத்தில் ஒன்றை ஒன்று கொக்கி போட்டதுபோல் பிடித்துத் திரும்பும். இரண்டு பேரின் இழுப்பும் ஒத்துவராவிட்டால் அந்தக் கோடு நெளிந்துவிடும். பழகிய ஆள் என்றால் பேச்சே வேண்டாம். மிதியின் சத்தம் போதும்.

அந்த மறுபக்க இடத்தில் ஒரு காலத்தில் சிறுவர்கள்தான் உட்கார்ந்தார்கள். அப்பன் வாங்கிய முன்பணத்துக்காக வந்த பிள்ளைகளும் உண்டு. அதை மறைத்துவிட்டுப் பழம்பெருமை பேச எனக்கு மனமில்லை. 1986இல் குழந்தைத் தொழிலாளர் சட்டம் வந்தது, பின்னால் கெடுபிடியும் வந்தது, பிள்ளைகள் பள்ளிக்கூடம் போனார்கள். போகட்டும், நல்லது. அப்புறம் வீட்டுப் பெண்கள் உட்கார்ந்தார்கள். 2006இல் ஸ்ரீபெரும்புதூரில் நோக்கியா தொழிற்சாலை திறந்தது. கம்பெனி பஸ், மாசச் சம்பளம், பி.எஃப். 2014இல் அது மூடிய பிறகும் எங்கள் தெருவிலிருந்து போன பெண்கள் தறிக்குத் திரும்பவில்லை. நான் அவர்கள் இடத்தில் இருந்தாலும் திரும்பியிருக்க மாட்டேன்.

இப்போது எங்கள் பக்கம் ஒற்றை ஆள் நெய்யும் புடவைதான் அதிகம் இறங்குகிறது. அதுவும் பட்டுதான். சில்க் மார்க் முத்திரை பட்டு அசலா என்று சொல்லும், கோர்வையா என்று சொல்லாது. அதைக் கண்ணால்தான் பார்க்க வேண்டும்: கோர்வையில் உடல் நிறம் கரைக்குள் ஓடாது. மற்றதில் உடலின் ஊடையே கரை வழியாகவும் போவதால் கரையின் நிறத்தில் உடல் நிறமும் கலந்து தெரியும்.

கோர்வைக்கு விலை கூட என்று கடையில் தயங்குகிறவர்களுக்கு ஒரு கணக்கு. எங்களுக்குக் கூலி புடவைக்கு இவ்வளவு என்றுதான் வரும். பக்கத்தில் உட்காருகிற ஆளுக்கு அதிலிருந்துதான் நான் எடுத்துக் கொடுக்கிறேன்.