சாக்லேட் ஊற்றும் வலீமா விருந்தும்

திண்டுக்கல்லில் வலீமா விருந்து என்றால் சீரகச் சம்பா பிரியாணியும் தால்சாவுமே முதலில் நினைவுக்கு வரும். அண்மைக் காலமாய் அவற்றின் அருகே சாக்லேட் ஊற்றும் இடம்பிடித்து வருகிறது. பேகம்பூரில் எங்கள் உறவுப் பெண்ணின் வலீமாவுக்கு அதனை ஏற்பாடு செய்யும் பொறுப்பு என்னிடம் வந்தது.

ஒப்பந்தக்காரர் காட்டிய கட்டிகளுள் ஒன்றின் உறையில், சிறிய எழுத்தில் ரம் மது என்றிருந்தது. "பச்சைப் புள்ளி இருக்கிறதே அம்மா!" என்றார் அவர். பச்சைப் புள்ளி சைவம் என்பதற்கு மட்டுமே சாட்சி. ஜெலட்டினும் விலங்குக் கொழுப்பும் இல்லையென்று அது கூறும். மது இல்லையென்று கூறாது. எனவே உட்பொருள் பட்டியலை முழுமையாகப் படியுங்கள். தோய்த்துண்ண வைக்கும் மார்ஷ்மெல்லோவில் ஜெலட்டின் உண்டா என்பதையும் பாருங்கள். விருந்தாளி எவரும் உறையைக் கேட்டு வாங்கிப் பார்ப்பதில்லை. நம்மை நம்பியே வாயில் வைக்கிறார்.

இனி, எதை உருக்குவது? கொக்கோ வெண்ணெய் மிகுந்த சாக்லேட்டே திரைபோல் சீராக வழியும். 2024-இல் கொக்கோ விலை உலகெங்கும் ஏறியபின் பலரும் தாவரக் கொழுப்பு கலந்த 'காம்பவுண்டு' வகைக்கு மாறினர். அது வெயிலில் எளிதில் இளகாது என்பார்கள். உடனே தின்றுவிடும் பண்டத்துக்கு அந்தக் குணம் எதற்கு? நாவில் மெழுகுபோல் ஒட்டுவதுதான் மிச்சம். அதையே வாங்க நேர்ந்தால் ஹைட்ரஜன் ஏற்றிய கொழுப்பு உள்ளதை ஒதுக்குங்கள். செயற்கை டிரான்ஸ் கொழுப்புக்கு 2022 ஜனவரி முதல் நம் நாட்டில் 2 சதவீதமே உச்சவரம்பு.

கட்டியைப் பொடியாக நறுக்கி, வெந்நீர்ப் பாத்திரத்தின்மேல் வைத்து உருக்குங்கள். 45 பாகை செல்சியஸ் போதும். வெள்ளைச் சாக்லேட்டுக்கு இன்னும் குறைவாக. ஒரு சொட்டு நீரோ ஆவியோ விழுந்தால் முழுவதும் திரண்டு கட்டியாகிவிடும். குழம்பாக இருந்தால் மணமற்ற எண்ணெய் சிறிது சேர்க்கலாம். தண்ணீரும் பாலும் கூடவே கூடாது.

இதனாலேயே தர்ப்பூசணியை விலக்கிச் சிறுமலை வாழைப்பழத்தைத் தேர்ந்தேன். புவிசார் குறியீடு பெற்ற நம் மாவட்டத்துப் பழம். ஈரப்பசை குறைந்த சதை. ஒரு கிலோ சாக்லேட் வீணாகாமல் ஓடியது.

மறவாதீர்கள், இயந்திரத்தை மின்விசிறிக்கு நேரே வைத்தால் திரை கலைந்து தெறிக்கும். மண்டபத்தில் விசிறியில்லாத மூலை தேடி நாங்கள் அலைந்தது தனிக்கதை!