மலைக்காற்று

பேரன் ஒருநாள் தேசப்படத்தில் தாம்பரத்தின் மேல் விரலை வைத்துத் தெற்கே இழுத்தான். இலங்கையைத் தாண்டியதும் விரலுக்குத் தடையில்லை. வெறும் தண்ணீர். தெற்கே ஐம்பத்து மூன்றாவது பாகையில், நேர்கோட்டிலிருந்து சற்று மேற்கே ஒதுங்கி ஒரு புள்ளி. ஹெர்ட் தீவு. ஏழாயிரம் கிலோமீட்டருக்கு மேல் போயும் அதே இந்துமகா சமுத்திரம்தான்.

"அங்க யாரு தாத்தா இருக்காங்க?"

யாருமில்லை. ஒரு மலை இருக்கிறது.

பிக் பென் என்று பெயர். 2745 மீட்டர். எரிமலை, ஆனால் உடம்பில் பெரும்பகுதி பனியாறு. அந்த அட்சரேகையில் மேற்குக் காற்றை மறிக்க நிலம் என்று எதுவும் அநேகமாக இல்லை. கடலின் ஈரத்தையெல்லாம் சுமந்துகொண்டு வரும் காற்று முதலில் மோதுவது இந்த மலையில். மோதி எழும்பி மேகமாகிறது. ஆகவே சிகரம் கண்ணில் படுவதே அபூர்வம். 1965-இல் ஐந்து பேர் முதல்முறையாக உச்சிக்கு ஏறினார்கள். 2016 ஜனவரிக் கடைசியில் ஒரு ஆராய்ச்சிக் கப்பலில் இருந்தவர்கள், மேகம் விலகிய சிறிது நேரத்தில், பனியின் மேல் லாவா வழிவதைப் பார்த்தார்கள். (நம் கவிதைகளில் மலை எவ்வளவு சுலபமாகப் படிமமாகிவிடுகிறது! இந்த மலை படிமமாகும் அளவுக்குக்கூட முகம் காட்டுவதில்லை.)

என்னை நிறுத்தியது வேறொரு விஷயம். மேற்குச் சரிவில் மழையையும் பனியையும் கொட்டிவிட்டு மறுபக்கம் இறங்குகிற காற்று காய்ந்துவிடுகிறது. சற்று வெதுவெதுப்பாகவும் ஆகிறது. ஒரே சின்னத் தீவில் இரண்டு சீதோஷ்ணம். மலை காற்றை மாற்றிவிடுகிறது.

இதைத்தான் அப்பா சொல்லிக்கொண்டிருந்தார்.

1954-இல் நெஞ்சில் சளியும் ரத்தமுமாக அவரைத் தாம்பரம் சானடோரியத்தில் சேர்த்தார்கள். டாக்டர் டேவிட் சௌரி முத்து 1928-இல் பச்சைமலை அடிவாரத்தில் தொடங்கியது. 1937-இல் அரசாங்கத்துக்கு வந்தது. சௌரி முத்து அதற்கு முன் இங்கிலாந்தில் மென்டிப் குன்றுகளில் இதேபோல ஒன்றை நடத்தியவர். 1917-இல் ராமானுஜன் அங்கே சிகிச்சைக்கு இருந்து குளிரில் அவதிப்பட்டிருக்கிறார். திறந்த ஜன்னல், மரங்கள், காற்று - அந்தக் காலத்து வைத்தியத்தில் நம்பிக்கை அதில்தான். அப்பா பதினொரு மாதம் அந்த மலையைப் பார்த்தபடி படுத்திருந்தார். பிழைத்தார். பிறகு ஊருக்குத் திரும்பவே இல்லை. மலை தெரிகிற இடமாகப் பார்த்து மனை வாங்கினார். "இந்த மலைக்காத்துதான்டா என்னை எழுப்பி உட்கார வச்சுது" என்பார், வருகிறவர்களிடமெல்லாம்.

எனக்கு அப்போது படிப்புத் திமிர். 1959-இல் சென்னைக் காசநோய் ஆராய்ச்சி நிலையத்தார் வெளியிட்ட ஆய்வை எங்கோ படித்துவிட்டேன். நெரிசலான வீட்டில் இருந்துகொண்டே மருந்து சாப்பிட்டவர்களும் சானடோரியத்தில் இருந்தவர்களும் ஏறக்குறைய ஒரே அளவில் குணமாகியிருந்தார்கள். மலை தேவையில்லை, காற்று தேவையில்லை. உலகம் முழுக்க சானடோரியங்கள் காலியானதில் இந்தச் சென்னை ஆய்வுக்குப் பங்குண்டு. உறவினர் நாலு பேர் இருக்கும்போது அப்பாவிடம் சொன்னேன்: "உங்களைக் காப்பாத்தினது ஸ்ட்ரெப்டோமைஸின் ஊசிப்பா. பச்சைமலை மேகத்தைக்கூட நிறுத்தாது."

"ஊசி மொதல்ல சைதாப்பேட்டையிலயும்தான் போட்டாங்க" என்றார்.

"மருந்து பிடிக்க நாளாகும்."

துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வெளியே போனார். அதற்குப் பிறகு என் எதிரில் மலையைப் பற்றிப் பேசியதில்லை. திரிசூலத்துப் பக்கம் கல் உடைக்க வெடி வைக்கும் சத்தம் கேட்டால் மட்டும் கொஞ்ச நேரம் பேப்பரை மடித்து வைத்துவிட்டு உட்கார்ந்திருப்பார். 1991-இல் போனார். நுரையீரலில் கோளாறு ஏதுமில்லை.

நான் சொன்னதில் தப்பில்லை. பச்சைமலை அவ்வளவு உயரமில்லை. 2015 டிசம்பர் முதல் தேதி தொடங்கி ஒரே நாளில் தாம்பரத்தில் 49 சென்டிமீட்டர் பெய்தபோது, மேகத்துக்கு அப்படி ஒரு மலை இருப்பதே தெரிந்திருக்காது. வங்காள விரிகுடாவிலிருந்து வந்தது, பெய்தது. முடிச்சூரில் வீடுகள் முழுகின.

ஆனாலும் ஹெர்ட் தீவின் கிழக்குக் கரையைப் பற்றி அவரிடம் சொல்லியிருக்கலாம். ஸ்ட்ரெப்டோமைஸினுக்கு அதனால் ஒரு குறைவும் வந்துவிடாது. சொல்லியிருந்தால், அந்த மலை எத்தனை அடி உசரம் என்றுதான் முதலில் கேட்டிருப்பார்.