மும்மொழிக் கல்லைத் தேடி

பாமன்கடையிலிருந்து பஸ் ஏறி மாணவர் சிலருடன் கொழும்பு நூதனசாலைக்குச் சென்றோம். 1877இல் திறக்கப்பட்ட மாளிகை அது. எவரிடமும் வழி கேட்கலாகாது; கையிலுள்ள வினாத்தாளைக் கொண்டு தாமே தேடிக் காணவேண்டும் என்பது ஏற்பாடு. கண்டியரசனின் சிங்காசனத்தை எளிதில் கண்டுபிடித்துவிட்டார்கள். அரசரின் உடைமைகள் என்றுதான் கண்ணுக்கு மறைவாயிருந்தன? 'மூன்று மொழி பேசும் கல் எது?' என்ற வினாவே அவர்களை அலைக்கழித்தது.

1911இல் காலி நகரில் மதகை மூடிக் கிடந்த கல் அது. சீனக் கடற்படைத் தலைவர் செங் ஹே கொணர்ந்தது. 1409ஆம் ஆண்டைக் குறிப்பது. சீனத்தில் புத்தருக்கும், தமிழில் தேவேந்திரமுனைத் திருமாலுக்கும், பாரசீகத்தில் அல்லாஹ்வுக்கும் காணிக்கை கூறுகிறது. பொன், வெள்ளி, பட்டு, நறுநெய் என மூவருக்கும் ஏறக்குறைய ஒரே அளவு! மதத்தின் பெயரால் மக்களைப் பிரிப்போர் இதன்முன் சற்று நிற்கவேண்டும் என்று சொல்லத் தொடங்கினோம்.

"கடற்படைத் தலைவருக்குக் கோயிலில் என்ன வேலை, சேர்?" என்று இடைமறித்தான் ஒரு மாணவன்.

நல்ல கேள்வி. அதே செங் ஹே இந்நாட்டு ஆட்சியாளரைச் சிறைபிடித்து 1411இல் சீனத்துக்குக் கொண்டுபோனார். காணிக்கையும் படையும் ஒரே கடற்பயணங்களின் சரக்குகள். கல்லில் முதலாவது மட்டுமே பொறிக்கப்பட்டிருக்கிறது.

அடுத்த முறை வினாத்தாளை மாணவரே எழுதுவதென்று திரும்பும் வழியில் முடிவாயிற்று.