நல்லூர் வீதியில் ஒரு முகம்

யாழ்ப்பாண நகரிலிருந்து பருத்தித்துறை வீதியாற் சென்றால், சிறிது தூரத்திலேயே நல்லூர்க் கந்தசுவாமி கோயிலின் கோபுரம் தோன்றும். 25 நாள் நடைபெறும் மகோற்சவத்தில் 24ஆம் நாள் தேர்த்திருவிழா. அன்று வைகறையிலேயே வெளிவீதி மணலிற் கால் வைக்க இடமிராது.

சென்ற ஆண்டு நானும் அக்கூட்டத்தில் ஒருவனாய் நின்றேன். "அரோகரா" என்ற பேரொலி எழுந்தது, கைகளும் உயர்ந்தன. கூப்பிய கைகள் சில. கைபேசி ஏந்திய கைகள் பல. அருகே நின்ற என் மாணவி ஒருத்தி, பின்னே தேர் தெரியத் தன்னைத் தானே படம் பிடித்தாள், பார்த்தாள், அழித்தாள். இவ்வாறு ஆறேழு முறை.

"ஏன் பிள்ளை?" என்றேன்.

"முகம் வடிவாய் விழேல்லை, சேர். இதைப் போட்டால் ஒருத்தரும் விரும்பாயினம்."

அதற்குள் தேர் வீதி திரும்பிவிட்டது.

அவளைக் குறைகூற எனக்கென்ன தகுதி? முகநூலில் நான் இட்டிருந்த படம் பத்தாண்டுக்கு முந்தியது. அதில் ஒரு நரையும் இல்லை. அதற்கு விழுந்த விருப்பக் குறிகளை இரவில் எண்ணிப் பார்த்தவனும் நானே.

அவ்வேளை ரொறன்ரோவிலிருந்து தமக்கையார் அழைத்தார். 1995 இடப்பெயர்வின் பின் நாட்டைவிட்டுச் சென்றவர். அந்நாளில் அவர் கடிதத்திற்காக அம்மா வாரக்கணக்கிற் படலையைப் பார்த்திருந்ததுண்டு. இன்றோ, இங்கே காலையில் ஓடும் தேரை அங்கே இரவில் இருந்தபடி அவர் காண்கிறார். இக்கருவியைப் பழிப்பது எளிது. ஆயினும், அவர் கண்ணில் நீர் வழிந்ததைக் காட்டியதும் அதுவே.

"தேர் காணும், தம்பி. உன்ரை முகத்தை ஒருக்காக் காட்டு."

தயங்கித் திருப்பினேன்.

"எட, நரைச்சுப் போனாய்! அப்பாவைப் பார்த்த மாதிரி இருக்கு."

எண்ணி மகிழ்ந்த குறிகள் யாவும் தராத நிறைவை அச்சொல் தந்தது. பலர் மெச்சும் முகம் வேறு. உற்றார் தேடும் முகம் வேறு என்பதை அன்றுதான் உணர்ந்தேன்.

கோயிலினுட் படம் எடுக்க அனுமதியில்லை. ஆடவர் மேற்சட்டையும் களைந்தே செல்வர். கைபேசியை மடியிற் செருகி உள்ளே போனேன். அம்மாணவி தாயின் பக்கத்திற் கைகூப்பி நின்றாள். படத்தில் விழாத வடிவெல்லாம் அம்முகத்தில் இருந்தது. தாய் மகளையே பார்த்துக்கொண்டிருந்தார்.

அன்று மாலை, முகநூலில் இருந்த என் பழைய படத்தை மாற்றினேன்.