தானாக எழுதும் இறகு

அண்மையில் ரொறன்ரோவில் வசிக்கும் மகளின் வீட்டில் சில வாரங்கள் தங்கியிருந்தேன். பேத்திக்குப் பன்னிரண்டு வயது. ஹரி பொட்டர் நூல்கள் ஏழையும் இரண்டு தடவைகள் வாசித்து முடித்தவள். ஒருநாள் இரவுச் சாப்பாட்டின்போது, "அம்மப்பா, நீங்களும் ரீட்டா ஸ்கீட்டர் மாதிரி நிருபரோ?" என்று கேட்டாள். யார் அந்த அம்மையார் என்று வினவினேன். பதிலாக ஒரு தடித்த நூலை எடுத்து வந்து என் மடியில் வைத்துவிட்டுப் போனாள்.

அது ஜே. கே. றோலிங் எழுதிய வரிசையில் நான்காவது நூல். 2000ஆம் ஆண்டு ஜூலையில் வெளியானது. மந்திரவாதிகளின் உலகிலும் 'டெய்லி புரொஃபெட்' என்றொரு நாளேடு உண்டு. அதன் நிருபர்தான் ரீட்டா. அவரிடம் பச்சை நிற இறகுப் பேனா ஒன்றிருக்கிறது. விரைவு மேற்கோள் இறகு என்று அதற்குப் பெயர். நுனியை வாயில் வைத்துச் சப்பிவிட்டுத் தோற்சுருளின்மீது நிறுத்தினால், கை படாமல் தானாகவே எழுதும்.

சிறுவன் ஹரியைத் துடைப்பங்கள் வைக்கும் ஓர் ஒடுங்கிய அறைக்குள் அழைத்துச் சென்று ரீட்டா பேட்டி எடுக்கிறார். அவன் தயங்கித் தயங்கி ஓரிரு சொற்களே பேசுகிறான். இறகோ நிற்காமல் ஓடுகிறது. இறந்துபோன பெற்றோரின் பேச்சு வந்ததும் அவன் கண்களில் நீர் நிறைந்ததாக எழுதுகிறது. தன் கண்களில் அப்படி எதுவுமில்லை என்று அவன் உரத்து மறுக்கிறான். மறுப்பு அச்சில் ஏறவில்லை. அவன் சொல்லாதவையெல்லாம் முதற்பக்கத்தில் வருகின்றன. அவனுடன் போட்டியிடும் மூவரில் இருவரின் பெயர்கள் பிழையாக அச்சாகின்றன; மூன்றாமவரின் பெயரே இல்லை.

பேத்தி இதைச் சிரிப்புக்குரிய பகுதியாக வாசித்திருப்பாள். என்னால் சிரிக்க முடியவில்லை. அந்தப் பச்சை இறகை எனக்குத் தெரியும்.

1978 நவம்பர் 23ஆந் திகதி இரவு மட்டக்களப்பைச் சூறாவளி தாக்கியது. ஏறத்தாழ ஆயிரம் பேர் உயிரிழந்தனர். தென்னந்தோட்டங்கள் அடியோடு சாய்ந்தன. நான் அப்போது தொழிலுக்கு வந்து அதிக காலமாகாத இளம் நிருபர். வாவிக்கரைக் கிராமமொன்றில், மீன்பிடிக்கச் சென்ற கணவனை இழந்த ஒரு தாயைச் சந்தித்தேன். விழுந்த தென்னைகளின் ஓலையை எடுத்துக் கிடுகு பின்னிக்கொண்டிருந்தார். கேட்ட கேள்விகளுக்கெல்லாம் தெளிவாக விடை சொன்னார். பின்னும் கைகள் ஒரு கணமேனும் ஓயவில்லை. அருகில் மூன்று பிள்ளைகள் இருந்தார்கள்.

கொழும்பு திரும்பும் வழியில் பஸ்ஸில் இருந்தபடியே செய்தியை எழுதினேன். 'கண்ணீர் மல்கக் கூறினார்' என்ற தொடர் எவ்வித முயற்சியுமின்றித் தாளில் வந்து விழுந்தது. கணவனை இழந்தவர் கண்ணீர் மல்கத்தானே கூற வேண்டும்! உதவி ஆசிரியர் அதை வெட்டவில்லை. அவர் எப்படி அறிவார்?

ஒரு மாதத்தின் பின்னர் நிவாரணப் பணிகளைப் பற்றி எழுத அதே கிராமத்துக்குச் சென்றேன். அந்தத் தாய் என்னை அடையாளங்கண்டு, செம்பில் தண்ணீர் தந்து, பிறகு கேட்டார்:

"தம்பி, நான் அழல்லையே. ஏன் அப்படி எழுதின நீங்க? பிள்ளைகள் பயந்துபோயிருவாங்க எண்டுதான் அடக்கிட்டு இருந்தன். இப்ப பேப்பர வாசிச்சுப்போட்டு மூத்தவன் கேக்கிறான், 'அம்மா, நாங்க இல்லாத நேரம் அழுறீங்களா' எண்டு."

அவர் கோபிக்கவில்லை. உண்மையாகவே காரணத்தை அறிய விரும்பினார். என்னிடம் சொல்வதற்கு ஒன்றுமிருக்கவில்லை.

றோலிங்கின் உலகில் இன்னொரு இறகும் உண்டு. 2003இல் வந்த ஐந்தாம் நூலில், உண்மையைச் சொன்னதற்காக ஹரி தண்டிக்கப்படுகிறான். பொய் சொல்லமாட்டேன் என்ற பொருள்பட ஒரே வசனத்தைத் திரும்பத் திரும்ப எழுதுமாறு அம்பிரிட்ஜ் என்ற ஆசிரியை கட்டளையிடுகிறார். அவர் கொடுக்கும் கறுப்பு இறகுக்கு மை தேவையில்லை. எழுதுகின்ற சொற்கள் அவனது கையின் பின்புறத்தைக் கீறுகின்றன; தாளில் பதிவது அவனது குருதி. இதை விளங்கிக்கொள்ள இலங்கைப் பத்திரிகையாளருக்கு மந்திர உலகம் தேவையில்லை. யாழ்ப்பாணத்தில் நிமலராஜன் 2000இலும், மட்டக்களப்பில் நடேசன் 2004இலும், கொழும்பில் கடத்தப்பட்ட சிவராம் 2005இலும் கொல்லப்பட்டனர். அத்தகையோர் குருதி சிந்திய தொழிலில், சிந்தாத ஒரு கண்ணீரை நான் எழுதிச் சேர்த்திருக்கிறேன். எண்ணும்போதெல்லாம் அது சிறிய பிழையாகத் தோன்றுவதில்லை.

மூன்றாவது இறகைப் பற்றிப் பேத்திதான் சொன்னாள். ஏழு நூல்களிலும் அது இல்லையாம். பின்னர் றோலிங் இணையத்தில் எழுதியதாம். ஹொக்வார்ட்ஸ் பள்ளியின் பூட்டிய கோபுரமொன்றில் ஆயிரம் ஆண்டுகளுக்கு மேலாக ஓர் இறகும் ஒரு புத்தகமும் இருக்கின்றன. எங்கேனும் ஒரு குழந்தையிடம் மந்திர ஆற்றல் முதன்முதலாக வெளிப்படும்போது, இறகு மைக்கூட்டிலிருந்து எழுந்து அதன் பெயரை எழுத முனைகிறது. சிறிய அறிகுறியே இறகுக்குப் போதும். புத்தகம் அப்படியன்று. சான்று போதாதென்று கண்டால், எழுதவிடாமல் பட்டென்று மூடிக்கொள்ளும்.

இறகைவிட அந்தப் புத்தகமே என்னைக் கவர்ந்தது. எழுதும் கைக்கு எப்போதும் அவசரம். கேட்ட பாதி, கேளாத பாதி என்று ஓடும். பழகிய தொடர்கள் நிருபரைக் கேளாமலே வந்து அமரும். இவற்றுக்கு முன்னால் மூடிக்கொள்ளத் தெரிந்த தாளொன்று வேண்டும். உதவி ஆசிரியர் ஓரளவுக்கு அந்தப் புத்தகமாக இருக்கலாம். ஆனால் அவர் கிடுகு பின்னிய கைகளைக் கண்டவரல்லர். கண்டவன் நான். நானே மூடிக்கொண்டிருக்க வேண்டும்.

விடைபெறுவதற்கு முதல்நாள் பேத்தியிடம் இந்தக் கதையைச் சொன்னேன். ரீட்டாவைப் போல ஒருநாள் இருந்திருக்கிறேன் என்று ஒப்புக்கொண்டேன். அவள் சற்று யோசித்துவிட்டு, "பிறகு பேப்பரில திருத்தம் போட்டீங்களோ?" என்றாள்.

இல்லை. கிராமத்திலிருந்து திரும்பியபின் அதை நான் ஆசிரியரிடம் சொல்லவேயில்லை. ஒரு சொற்றொடருக்காக யார் திருத்தம் போடுவார்கள் என்று என்னை நானே சமாதானப்படுத்திக்கொண்டேன். அந்தத் தாய் இன்று உயிரோடிருந்தால் தொண்ணூறை நெருங்கியிருப்பார். மூத்தவன் எங்கேனும் இதனை வாசிக்கவும் கூடும்.

ஆகவே, மிகவும் தாமதமாக ஒரு திருத்தம்: 1978 டிசம்பரில் நான் எழுதிய செய்தியில் குறிப்பிட்டவாறு அந்தத் தாய் கண்ணீர் மல்கவில்லை. அவர் அழாமல், கிடுகு பின்னியபடியே பேசினார்.