அக்காவின் ஒரு ஜிபி

மின்வாரியத்தில் 31 வருஷம் கணக்கீட்டாளராக இருந்தவன் நான். இரண்டு மாதத்துக்கு ஒரு முறை வீடு வீடாகப் போய் மீட்டரைப் பார்த்து, வெள்ளை அட்டையில் எழுதிக் கொடுத்திருக்கிறேன். அந்த நாளில் என்னைப் பார்த்ததும் எல்லோரும் கேட்ட கேள்வி ஒன்றே ஒன்றுதான். "ஏன் சார், வீட்ல இருக்கிறது நாங்க ரெண்டே பேரு. எப்படி இவ்வளவு யூனிட் ஓடும்?"

ஓய்வு பெற்ற பிறகும் கேள்வி மாறவில்லை. யூனிட் போய் ஜிபி வந்திருக்கிறது, அவ்வளவுதான். காலையில் நடக்கப் போகும் இடத்தில் சேக்காளிகள் கேட்கிறார்கள். "நான் ஒண்ணுமே பாக்கலே சார். சாயங்காலம் ஆனா டேட்டா தீர்ந்துடுச்சுன்னு மெசேஜ் வந்துடுது. யாராவது நடுவுல திருடறாங்களா?"

யாரும் திருடவில்லை. அன்று சொன்ன பதிலைத்தான் இன்றும் சொல்கிறேன். 75 வாட் மின்விசிறி பதிமூன்று மணி நேரத்துக்கு மேல் சுற்றினால்தான் ஒரு யூனிட். 1000 வாட் இஸ்திரிப் பெட்டி ஒரே மணி நேரத்தில் அந்த ஒரு யூனிட்டை விழுங்கிவிடும். ஆனால் வீட்டில் எல்லோரும் மின்விசிறியைத்தான் ஓடி ஓடி அணைப்பார்கள். அது கண்ணுக்கு எதிரே சுற்றுகிறது அல்லவா?

கைபேசியில் வீடியோதான் இஸ்திரிப் பெட்டி. எழுத்துச் செய்தி ஒன்றுமே இல்லை. நாள் முழுக்கத் தட்டினாலும் ஒரு எம்பி, இரண்டு எம்பியைத் தாண்டாது. வாட்ஸ்அப்பில் குரல் மட்டும் பேசினால் நிமிடத்துக்கு அரை எம்பி போல ஆகும். முகம் பார்த்துப் பேசினால் நிமிடத்துக்கு ஐந்து எம்பி என்று வைத்துக்கொள்ளலாம். யூடியூபில் ஓரளவு தெளிவான படம் ஒரு மணி நேரம் ஓடினால் முந்நூறிலிருந்து ஐந்நூறு எம்பி. மிகத் தெளிவாக வேண்டும் என்றால் ஒரு ஜிபியைத் தாண்டிவிடும். ஒரு ஜிபி என்பது 1024 எம்பி. இவையெல்லாம் உத்தேசக் கணக்கு. போனுக்குப் போன், சிக்னலுக்குச் சிக்னல் கொஞ்சம் மாறும்.

இன்னொன்றும் உண்டு. ஜீரோ வாட் பல்பு ஞாபகம் இருக்கிறதா? பெயரைப் பார்த்து அது கரண்டே இழுக்காது என்று நினைத்து, ராத்திரி முழுக்கக் கூடத்திலும் கொல்லையிலும் எரிய விட்டவர்கள் நிறைய. உண்மையில் அந்தப் பழைய பல்பு 15 வாட் வரை இழுக்கும். வாட்ஸ்அப் குழுக்களில் வரும் காலை வணக்கப் படமும், நாம் தொடாமலே தானாக வந்து இறங்கும் வீடியோவும் இந்த ஜீரோ வாட் பல்பு ரகம்.

இவ்வளவு கணக்குச் சொல்வதற்குக் காரணம் என் அக்கா.

அக்காவுக்கு 74 வயது. அத்திம்பேர் போன பிறகு குத்தாலத்தில் தனியாக இருக்கிறாள். ஒரே பெண், சிங்கப்பூரில். அங்கே நம்மைவிட இரண்டரை மணி நேரம் முன்னால் ஓடுகிறது. அவள் வேலை முடிந்து, சமைத்து, பையனைச் சாப்பிட வைத்துவிட்டு ஒன்பது மணிக்குக் கூப்பிட்டால் இங்கே ஆறரை, விளக்கேற்றும் நேரம். முகம் பார்த்துத்தான் பேசுவார்கள். ஆனால் பத்து நிமிடம் ஆனதும் அக்கா, "சரிம்மா, வச்சிடறேன்" என்று வைத்துவிடுவாள். பேரன் பள்ளியில் வரைந்த படத்தைக் காட்ட எடுத்துக்கொண்டு வருவதற்குள் திரை அணைந்துவிடும்.

போன வருஷம் அந்தப் பெண் என்னைக் கூப்பிட்டாள். "மாமா, அம்மாவுக்கு என்மேல ஏதாவது கோபமா? பேச ஆரம்பிச்சதுமே வைக்கிறதுலயே குறியா இருக்காங்க. நான் இங்க வந்தது பிடிக்கலையோ?" குரல் கம்மிவிட்டது.

மறுநாள் மாயவரத்தில் பஸ் ஏறிக் குத்தாலம் போனேன். அக்காவிடம் சுற்றி வளைக்காமல் கேட்டேன். அவள் சொன்னது இது. "கோபமா? யாரு மேலடா? ஒரு நாளைக்கு ஒரு ஜிபிதானாம். மத்தியானமே பாதிக்கு மேல தீர்ந்துடுச்சுன்னு மெசேஜ் வருது. இருக்கிறதையும் பேசியே தீர்த்துட்டா, ராத்திரி நெஞ்சு வலி கிஞ்சு வலின்னா யாரை எப்படிக் கூப்பிடறது? அதான் மிச்சம் வைக்கிறேன்."

எனக்கு அது உடனே புரிந்தது. நம் தலைமுறையே மீட்டரைப் பார்த்துக்கொண்டு பேசிப் பழகியது. டிரங்க் கால் புக் செய்துவிட்டு மணிக்கணக்காகக் காத்திருந்து, மூன்று நிமிடத்துக்குள் கல்யாணம், கருமாதி எல்லாவற்றையும் சொல்லி முடித்தவர்கள் நாம். பிறகு எஸ்டிடி பூத் வந்தது. கண்ணாடிக் கூண்டுக்குள் சிவப்பு எண்கள் ஓட ஓட, பாதிக் கண் அதிலேயே இருக்கும். இரவு 11 மணிக்கு மேல் கால் கட்டணம் என்று தூக்கத்தை விட்டு வரிசையில் நின்றோம். அந்தப் பெண் சென்னையில் விடுதியில் தங்கிப் படித்தபோது அக்காவும் அப்படி நின்றவள்தான். "நல்லா இருக்கியா, சாப்பிட்டியா, வச்சிடறேன்." அந்தப் பழக்கம் இன்னும் விடவில்லை.

அக்காவிடம் இரண்டு விஷயங்களை முதலில் சொன்னேன். ஒன்று, டேட்டா தீர்ந்தாலும் சாதாரண போன் பேச்சு நிற்காது. எண்ணை அழுத்தி என்னையும் கூப்பிடலாம், 108-ஐயும் கூப்பிடலாம். ரீசார்ஜ் நாள் முடியாமல் இருந்தால் போதும். டேட்டாகூட பெரும்பாலான தினசரித் திட்டங்களில் அடியோடு நின்றுவிடாது. வேகம் 64 கேபிபிஎஸ் என்று குறைந்துவிடும். வீடியோ வராது, எழுத்துச் செய்தி மெதுவாகப் போய்ச் சேரும்.

இரண்டாவது, மிச்சம் வைப்பதில் பயன் இல்லை. இத்தகைய திட்டங்களில் இரவு 12 மணிக்கு அன்றைய கணக்கு முடிந்து புதுக் கணக்கு தொடங்கிவிடும். நமக்குத் தெரிந்த முறைத் தண்ணீர் மாதிரிதான். நம் முறைக்கு மடையைத் திறக்காமல் விட்டால், 'நேற்றைய தண்ணீரைக் கொடு' என்று இன்று கேட்க முடியுமா?

"சரி, ஆனா மத்தியானத்துக்குள்ள எப்படிடா பாதி போகும்? நான்தான் ஒண்ணும் பாக்கலியே" என்றாள் அக்கா. பழைய கேள்வி! எனக்கு உள்ளூர ஒரு உற்சாகம்.

அக்கா பால் கணக்கைத் தினசரிக் காலண்டரில் குறித்து வைப்பவள். அதன் பக்கத்திலேயே இதையும் எழுதச் சொன்னேன். போனில் செட்டிங்ஸ் போய், நெட்வொர்க் என்ற இடத்தில் டேட்டா யூசேஜ் என்று இருக்கும். அதில் ஓடியிருக்கும் எண்தான் மீட்டர் ரீடிங். ஒரு காரியம் தொடங்கும் முன் ஒரு ரீடிங், முடிந்து சில நிமிடம் கழித்து ஒரு ரீடிங். பின்னதிலிருந்து முன்னதைக் கழி. வாட்ஸ்அப்புக்கு மட்டும் அதன் செட்டிங்ஸிலேயே, ஸ்டோரேஜ் அண்ட் டேட்டா என்ற பகுதியில், பேச்சுக்கு எவ்வளவு, படங்களுக்கு எவ்வளவு என்று தனித்தனியாகக் காட்டும். ஏழு நாள் எழுதினாள். என்னோடு வேலை பார்த்த சிலரைவிடச் சுத்தமாகவே எழுதியிருந்தாள்.

அவளுடைய ஒரு சராசரி நாள் இது:

காலை பக்திச் சேனல் நேரலை, இரண்டு மணி நேரம்: 620 எம்பி
வாட்ஸ்அப்பில் தானாக இறங்கிய படம், வீடியோ: 140
மத்தியானம் சமையல் வீடியோ: 130
மகளோடு வீடியோ பேச்சு, பத்து நிமிடம்: 50
செயலிகள் தாமாகப் புதுப்பித்துக்கொண்டது, மற்றவை: 40
ஆக மொத்தம்: 980

கூட்டிப் பார்த்துவிட்டு இருவரும் கொஞ்ச நேரம் பேசவில்லை. பெண்ணோடு பேசியது இருபதில் ஒரு பங்கு. அதைத்தான் அவள் வெட்டி வெட்டி மிச்சம் பிடித்துக்கொண்டிருந்தாள். பெரும்பங்கு போனது காலை நேரலைக்கு. அதையும் அவள் 'பார்க்கவில்லை' என்பது சத்தியம். போன் பூஜை அலமாரியில் விளக்குக்குப் பக்கத்தில் சாய்ந்திருக்கும். அக்கா அடுப்படியில் இருப்பாள். காதில் விழுவது மந்திரமும் நாகஸ்வரமும் மட்டும். யாரும் பார்க்காத அபிஷேகக் காட்சி பளிச்சென்று இரண்டு மணி நேரம் ஓடிக்கொண்டிருக்கும். இஸ்திரிப் பெட்டியைச் சூடேற்றிவிட்டுக் குளிக்கப் போன கதை.

செய்த மாற்றங்கள் நான்கே நான்கு. யூடியூப் செட்டிங்ஸில் வீடியோ குவாலிட்டி போய், மொபைல் நெட்வொர்க்குக்கு டேட்டா சேவர் என்று வைத்தேன். வாட்ஸ்அப்பில், ஸ்டோரேஜ் அண்ட் டேட்டா பகுதியில், மொபைல் டேட்டாவில் படமும் வீடியோவும் தானாக இறங்குவதை நிறுத்தினேன். வேண்டியதைத் தொட்டால் மட்டும் இறங்கும். பிளே ஸ்டோரில் வைஃபை இருந்தால் மட்டும் புதுப்பி என்று மாற்றினேன். நான்காவது, அக்காவிடம் ஒரு வாக்குறுதி வாங்கினேன்: பெண்ணாக வைக்கிற வரை நீ வைக்கக் கூடாது.

மறுவாரக் கணக்கு: நேரலை 230, வாட்ஸ்அப் படங்கள் 20, சமையல் 70, மற்றவை 10. மகளோடு பேச்சு, முக்கால் மணி நேரம், 225. மொத்தம் 555. பேச்சு நாலு மடங்குக்கு மேல் கூடியும் பாதி ஜிபிதான் செலவு. திட்டமும் மாறவில்லை, ஒரு ரூபாயும் கூடவில்லை. மந்திரமும் நாகஸ்வரமும் முன்போலவேதான் கேட்கின்றன.

மாதக் கணக்கு போட நினைப்பவர்களுக்குச் சில வார்த்தைகள்.

ஏழு நாள் குறித்து, அதை நாலால் பெருக்கினால் 28 நாள் கணக்கு வந்துவிடும். பெரும்பாலான மாதத் திட்டங்கள் 28 நாள்தான். அப்படியானால் வருஷத்துக்குப் பன்னிரண்டு இல்லை, பதின்மூன்று ரீசார்ஜ். பென்ஷன் பணத்தில் பட்ஜெட் போடுபவர்கள் இதை மறக்கக் கூடாது. மாதா மாதம் ஒரே தேதியில் கட்ட விரும்புபவர்களுக்காக, 30 நாள் திட்டம் ஒன்றும், மாதந்தோறும் அதே தேதியில் புதுப்பிக்கும் திட்டம் ஒன்றும் எல்லா நிறுவனங்களும் கட்டாயம் வைத்திருக்க வேண்டும் என்று டிராய் 2022 ஜனவரியில் உத்தரவிட்டது. கடையில் கேட்டு வாங்குங்கள்.

தினசரி அளவுள்ள திட்டம் என்றால் மாத மொத்தத்தைப் பார்த்துப் பயனில்லை. ஏழு நாளில் எந்த நாள் அதிகமோ, அந்த நாளைப் பாருங்கள். அக்காவுக்கு அது ஞாயிற்றுக்கிழமை. இரண்டு மணி நேரம் பேசினால்கூட 930 எம்பிதான், ஒரு ஜிபிக்குள் அடங்கிவிடுகிறது. அதனால் 'ரெண்டு ஜிபி போடுங்கம்மா' என்று கடைக்காரப் பையன் சொன்னபோது வேண்டாம் என்றாள். மொத்தமாக இத்தனை ஜிபி என்று தரும் திட்டத்தில் உள்ளவர்கள் மாத மொத்தத்தைப் பார்த்து, ஐந்தில் ஒரு பங்கு கூடுதலாக வைத்துக்கொள்ளுங்கள். கோடை லீவுக்குப் பேரப் பிள்ளைகள் வந்தால் ஹாட்ஸ்பாட் கேட்பார்கள். ஆஸ்பத்திரி வராந்தாவில் காத்திருக்கும் நாளும் வரும்.

இணையமே தொடாதவர்கள் டேட்டாவுக்குப் பணம் கட்ட வேண்டாம். பேச்சும் குறுஞ்செய்தியும் மட்டும் உள்ள திட்டம் தர வேண்டும் என்று டிராய் 2024 டிசம்பரில் விதி கொண்டுவந்தது. எங்கள் தெருவில் பட்டன் போன் வைத்திருக்கும் ஒரு பெரியவருக்கு அதைத்தான் போட்டுக் கொடுத்தோம்.

வெளியூரில் பிள்ளைகள் இருப்பவர்கள் இதைப் படித்தால் ஒன்று சொல்வேன். அம்மாவோ அப்பாவோ பேச்சைச் சட்டென்று முடித்தால் மனவருத்தம் என்று உடனே நினைத்துவிடாதீர்கள். ஊருக்கு வரும்போது அவர்கள் போனை வாங்கி, மேலே சொன்ன முதல் மூன்றையும் மாற்றிக் கொடுங்கள். கால் மணி நேர வேலை. டேட்டா தீர்ந்தாலும் சாதாரண போன் பேச்சு நிற்காது என்பதை மட்டும் இரண்டு தடவை சொல்லிவிட்டு வாருங்கள்.